குறை உடலிலா, உலகிலா?

பெண் புத்தி பின் புத்தி என்று திண்ணையிலே உட்கார்ந்திருப்பவர் சொன்னால், படியாதவர் பேச்சு என்று தள்ளிவிடுகிறோம். அதையே மெத்தப் படித்த டாக்டர் ஒருவர், விஞ்ஞானத்தின் முடிவு என்று முத்திரை குத்திச் சொன்னால்? அதிலும், சொன்னவர் உலகம் போற்றிய சிக்மண்ட் பிராய்டு என்றால்? எழுந்து மறுக்க எத்தனை பேருக்குத் துணிவு வரும்?

வந்தது ஒரு பெண்மணிக்கு. கேரன் ஹார்னி அம்மையார் அவர்.

1885-ம் ஆண்டு செப்டம்பர் 16-ம் நாள், ஜெர்மனியில் ஹாம்பர்க் நகரை அடுத்த பிளாங்கெனெஸே என்ற ஊரில் பிறந்தார். தகப்பனார் நார்வே நாட்டவர், கப்பல் தலைவர், மதப்பற்று மிக்கவர். கப்பலை நடத்தியது போலவே வீட்டையும் நடத்தியவர். அண்ணனுக்கு ஒரு நீதி, தங்கைக்கு ஒரு நீதி. பெண்ணுக்கு மேற்படிப்பா என்று தயங்கிய அவரிடம் மன்றாடித்தான் படிக்க வழி பிறந்தது. 1906-ல் பிரைபர்க் பல்கலைக் கழகத்தில் மருத்துவம் சேர்ந்தார். பிரஷ்யா நாட்டுப் பல்கலைக் கழகங்கள் பெண்களுக்கு முறைப்படி கதவு திறந்ததோ 1908-ல்தான்! 1909-ல் திருமணம். அடுத்தடுத்து மூன்று பெண் குழந்தைகள். தொட்டிலும் பாடப் புத்தகமும் பக்கத்தில் பக்கத்தில். 1915-ல் டாக்டர் பட்டம். 1920-ல் பெர்லின் நகரில் மனப் பகுப்பு முறையைக் கற்பிக்கும் நிலையம் தோன்றியபோது அதை அமைத்தவர்களில் இவரும் ஒருவர்.

பிராய்டு சொன்னது என்ன? சிறுமி, சிறுவனின் உடலைப் பார்க்கிறாள்; தனக்கு ஒன்று இல்லையே என்று பொருமுகிறாள்; அந்தப் பொறாமையே அவள் வாழ்வை நடத்துகிறது; பிள்ளை பெற விரும்புவதுகூட அந்தக் குறையை ஈடுசெய்யத்தான் என்றார். அதாவது, பெண் என்பவள் குறைப்பட்ட ஆண்!

1922-ல் பெர்லினில் கூடிய மாநாட்டிலே, பிராய்டு தலைமை வகித்த அமர்விலேயே, அம்மையார் ஐயம் எழுப்பினார். 1926-ல் எழுதிய கட்டுரையில் இன்னும் ஆழமாக வெட்டினார். சிறு பையன் பெண் பிள்ளையைப் பற்றி என்னென்ன நினைக்கிறானோ அதை ஒரு பக்கம் எழுதினார். பெண்ணின் மனத்தைப் பற்றிப் பேரறிஞர்கள் வகுத்த சித்தாந்தத்தை மறுபக்கம் எழுதினார். இரண்டும் ஒன்றாகவே இருந்தன! பையனின் நினைப்புக்குத் தாடி முளைத்துச் சித்தாந்தமாகிவிட்டது என்று நாம் சொல்லலாமல்லவா?

அதோடு விட்டாரா? கருவைச் சுமப்பதும், பெறுவதும், பாலூட்டுவதும் ஆணுக்குக் கிட்டாதவை. அவற்றின்மீது ஆணுக்கும் பொறாமை உண்டு என்று திருப்பிச் சொன்னார். சட்டமும் மதமும் தொழிலும் ஆணின் கையில். மனிதன் என்பதற்கு அளவுகோலே ஆண். பெண் ஆணாகப் பிறந்திருக்கலாமே என்று ஏங்கினால், அவள் கேட்பது உறுப்பையா, உரிமையையா? சோறும் மதிப்பும் கணவன் வழியாக மட்டுமே வரும் என்று கட்டிவைத்துவிட்டு, அவள் அன்புக்காக ஏங்குவதை அவளது இயற்கை என்பது என்ன நியாயம்?

குழந்தையைப் பற்றி அவர் சொன்னதைத் தோழர்கள் நிதானமாகப் படிக்க வேண்டும். குழந்தையின் மனக் கோளாறுகளுக்கெல்லாம் வேர் காம உணர்ச்சி என்பதை அவர் ஏற்கவில்லை. ஏளனம், கொடுத்த வாக்கை மீறுதல், ஒரு பிள்ளையைத் தூக்கி மறு பிள்ளையைத் தாழ்த்துதல், அடக்கி ஆளுதல் இவையே வேர் என்றார். பிள்ளைக்குக் கோபம் வருகிறது. காட்ட முடியுமா? மேஸ்திரி கொடுமை செய்தால் தொழிலாளி வேறு ஆலை தேடலாம், சங்கம் வைக்கலாம். மூன்று வயதுப் பிள்ளை யாரிடம் போகும்? அடிக்கிற கைதானே சோறும் போடுகிறது! விழுங்கிய கோபம் அச்சமாக மாறி உள்ளே தங்குகிறது. வளர்ந்தபின் சிலர் யாரையாவது அண்டியே வாழ்கிறார்கள், சிலர் எவரையும் எதிர்க்கிறார்கள், சிலர் ஒதுங்கிவிடுகிறார்கள். 1945-ல் அவர் வெளியிட்ட நூலின் சாரம் இது. பகலெல்லாம் குனிந்துவிட்டு இரவு வீட்டில் புலியாகிற நண்பர்கள் நம்மிடையேயும் உண்டு. அவர்கள் இதைச் சற்று எண்ணிப் பார்க்கட்டும்.

1932-ல் அமெரிக்கா சென்றார். முதலில் சிகாகோ, பிறகு நியூயார்க். 1939-ல் பிராய்டின் கொள்கைகளை வரிசையாக ஆராய்ந்து மறுக்கும் நூலை வெளியிட்டார். பொறுத்தார்களா? 1941-ல் நியூயார்க் மனப் பகுப்புச் சங்கம் வாக்கெடுத்து, பயிற்சி ஆசிரியர் தகுதியிலிருந்து அவரை இறக்கியது. ஆதரவாளர் சிலருடன் வெளியேறிப் புதுச் சங்கம் கண்டார்.

ஒன்றை மறைக்க நாம் விரும்பவில்லை. அந்தப் புதுச் சங்கமே 1943-ல், மருத்துவப் பட்டம் இல்லை என்று காரணம் காட்டி, எரிக் பிராம் என்ற அறிஞரின் பயிற்றுவிக்கும் உரிமையைப் பறித்தது. அவர் ஹார்னி அம்மையாரின் நெடுநாள் நண்பர். தாம் பட்ட அநீதியை இரண்டே ஆண்டுகளில் அம்மையார் மறந்தது நமக்கு வியப்பும் வருத்தமும் தருகிறது.

1952 டிசம்பர் 4-ம் நாள் நியூயார்க்கில் காலமானார். 1955-ல் அவர் பெயரால் அந்நகரில் ஒரு மருத்துவ நிலையம் திறக்கப்பட்டது. மனநோய் டாக்டருக்குப் பெரும் கட்டணம் கொடுக்க இயலாதவர்களுக்காக ஏற்பட்ட நிலையம் அது.