கனவைப் படமாக்கிய கலைஞர்

முற்காலத்தில் தூத்துக்குடிக் கடலில் மூச்சடக்கி மூழ்கியோர் முத்தெடுத்தனர். மனக்கடலில் மூழ்கிக் கனவுகளைத் திரைக்குக் கொணர்ந்தவர் உதயசங்கர். 1900ஆம் ஆண்டு உதய்பூரில் பிறந்த இவர், இலண்டனில் ஓவியம் பயின்றார். அன்னா பாவ்லோவாவுடன் ஆடிப் புகழ்பெற்றார். அல்மோராவில் இவர் நிறுவிய கலைமையம் பொருள்முட்டுப்பாட்டால் மூடப்பட்டது. மனம் தளராத இவர், சென்னை ஜெமினி படப்பிடிப்பு நிலையத்தில் ‘கல்பனா’ என்னும் திரைப்படத்தை உருவாக்கி 1948இல் வெளியிட்டார். கலைமையம் காண விழையும் ஆடற்கலைஞன் ஒருவனின் கனவே அதன் கதை. காட்சிகள் கனவில் போலவே ஒன்றிலிருந்து ஒன்றாய் உருமாறும்; அடிமனத்து ஆசையும் அச்சமும் ஆடலாக வெளிப்படும். கதையைக் கேட்ட தயாரிப்பாளர் அதனை ஏற்க மறுக்கிறார். அவ்வாறே, படமும் வணிக வெற்றி பெறவில்லை. உதயசங்கர் 1977இல் மறைந்தார். செப்பனிடப்பெற்ற அப்படம் 2012இல் கான் திரைப்பட விழாவில் திரையிடப்பட்டது. காலம் தாழ்ந்தாலும் உண்மைக்கலை மதிப்பிழப்பதில்லை.