விவியன் லீ அம்மையார்

ஆங்கில நாடக மேடையிலும் வெண்திரையிலும் ஒருங்கே புகழ் ஈட்டிய விவியன் லீ அம்மையார் 1913 இல் இந்தியாவின் டார்ஜிலிங்கிற் பிறந்தவர். ஆறு வயதிலேயே இங்கிலாந்திலுள்ள கன்னியர்மடப் பாடசாலையொன்றில் விடப்பட்டார். 1939 இல் வெளிவந்த 'கோன் வித் த விண்ட்' படம் அவருக்கு ஒஸ்கார் பரிசை ஈட்டிக் கொடுத்தது. 1951 இற் பிறிதொரு படத்துக்கும் அப்பரிசு கிடைத்தது. எனினும் அவர் உள்ளம் மேடையையே நாடிற்று என்பது எமது துணிபு.

1953 இல் 'எலிபன்ற் வோக்' படப்பிடிப்புக்காக எமது இலங்கைக்கு வந்தார். முன்னரே அவரை வருத்திய மனநோய் இங்கே தலைதூக்கியது. ஹொலிவூட் சென்றதும் முற்றிற்று. அவர் விலக, எலிசபெத் ரெய்லர் அவ்விடத்தில் நடித்தார். ஆயினும் அப்படத்தின் சில தூரக் காட்சிகளில் தோன்றுபவர் விவியனே. அவற்றைக் காணுந்தோறும் எம் நெஞ்சு கனக்கின்றது.

நோயாளியென அவர் ஒதுங்கினாரல்லர். 1955 இல் ஸ்ராற்போட் நகரில் மக்பெத் சீமாட்டியாக மேடையேறினார். 1957 இல் இலண்டன் சென்ற் ஜேம்ஸ் நாடகசாலையை இடிக்க முற்பட்டபோது, பிரபுக்கள் சபையிலே விவாதத்தினிடையே எழுந்து கண்டனம் முழங்கினார், வெளியேற்றப்பட்டார். நாடகசாலையும் இடிக்கப்பட்டது.

1967 யூலையிற் காசநோயால், 53 ஆம் வயதில் அவர் மறைந்த செய்தி கேட்டு, இலண்டன் மாநகரின் நடுப்பகுதி நாடகசாலைகள் ஒரு மணிநேரம் தம் விளக்குகளை அணைத்தன.