போர்வைக்குள் கணிதம் படித்த சோஃபி

இயந்திரப் பொறியியல் படிக்கிற எனக்கு இந்த செமஸ்டரில் தகடுகளின் அதிர்வு பற்றிய பாடம். அந்தச் சமன்பாட்டைப் பார்த்தாலே தலை சுற்றும். இதை முதலில் உட்கார்ந்து யோசித்தது யாரப்பா என்று தேடினேன். சோஃபி ஜெர்மேன் என்ற பிரெஞ்சுப் பெண்!

1776-இல் பாரிஸில் ஒரு பட்டு வணிகரின் மகளாகப் பிறந்தவர். 1789-இல் புரட்சி வெடித்தபோது வயது 13. வெளியே கலவரம், உள்ளே அப்பாவின் நூலகம். கணக்கில் மூழ்கியிருந்த ஆர்க்கிமிடீஸை ரோமானிய வீரன் கொன்ற கதையை அங்கேதான் படித்தார். உயிர் போவதுகூடத் தெரியாமல் இருக்க, கணக்கில் அப்படி என்னதான் இருக்கு? அந்தக் கேள்வி அவரை விடவே இல்லை.

பெற்றோருக்கு இது பிடிக்கவில்லை. ராத்திரியில் படிக்காமலிருக்க விளக்கு, கணப்பு, கதகதப்பான உடை எல்லாவற்றையும் எடுத்துவிட்டார்கள். சோஃபி ஒளித்துவைத்த மெழுகுவர்த்தியை ஏற்றி, போர்வையைச் சுற்றிக்கொண்டு படித்தார். கூட்டில் இருந்த மையே உறைந்துபோகும் குளிர். நாமோ ஏர்கோன் கொஞ்சம் கூடினாலே புத்தகத்தை மூடிவிடுகிற ஆளுங்க!

1794-இல் பாரிஸில் எக்கோல் பாலிடெக்னிக் தொடங்கியது. பெண்களுக்கு அனுமதி இல்லை. பாடக் குறிப்புகளை எப்படியோ வாங்கிப் படித்து, லெப்லான் என்ற ஆண் பெயரில் பேராசிரியர் லாக்ராஞ்சுக்குக் கட்டுரை அனுப்பினார். உண்மை தெரிந்தும் லாக்ராஞ்ச் அவரை ஒதுக்கவில்லை. ஜெர்மனியின் காஸுக்கும் அதே பெயரில்தான் கடிதம். நெப்போலியன் படை காஸின் ஊருக்குள் நுழைந்தபோது, அவருக்கும் ஆர்க்கிமிடீஸின் கதி வந்துவிடுமோ என்று பயந்து, தெரிந்த தளபதியிடம் பாதுகாப்பு கேட்டார் சோஃபி. அதனால்தான் லெப்லான் யாரென்று காஸுக்குத் தெரியவந்தது.

அப்புறம்தான் நம்ம தகடு. மணல் தூவிய தகட்டை அதிரவைத்தால் மணல் கோலம் கோலமாக நிற்கும். காரணத்தைக் கணிதத்தில் சொல்பவருக்குப் பரிசு என்றது அறிவியல் கழகம். 1811-இல் வந்தது சோஃபியின் கட்டுரை மட்டும்தான். அதில் பிழை இருந்தது, லாக்ராஞ்ச் சமன்பாட்டைத் திருத்தினார். இரண்டாம் முறை பாராட்டோடு சரி. மூன்றாம் முயற்சிக்கு 1816-இல் பரிசு கிடைத்தது. விழாவுக்கு அவர் போகவில்லை.

1831-இல் மார்பகப் புற்றுநோயால் இறந்தார், வயது 55. இறப்புப் பதிவில் கணித அறிஞர் என்று எழுதவில்லை, சொத்து வருமானத்தில் வாழ்ந்தவர் என்றுதான் இருக்கிறது. ஈஃபில் கோபுரத்தில் 72 பிரெஞ்சு அறிஞர்களின் பெயர் பொறித்திருக்கிறார்கள். அதே தகட்டுக் கணக்கில் உழைத்த புவாசோன், நவியே இருவரும் உண்டு. சோஃபி பெயர் இல்லை.