பெயர் மறுக்கப்பட்ட தாரகை

கட்டடம் எழுப்புவோர் பலர். கல்வெட்டில் பெயர் பெறுவோர் சிலர். மண் சுமந்தவர் பெயரை எந்தக் கல்வெட்டும் சொல்வதில்லை. அதை அவர்கள் எதிர்பார்ப்பதுமில்லை. ஆனால் ஒரு நாடக அரங்கு எழும்பத் தன்னையே விலையாகக் கொடுத்து, தலையில் மண்கூடையும் சுமந்து, அதற்குத் தன் பெயர் சூட்டப்படும் என்று நம்பிக் காத்திருந்து ஏமாந்தவர் ஒருவர் உண்டு. அவரே வங்க நாடக மேடையின் ஈடிணையற்ற நடிகை வினோதினி தாசி.

இளமை

வினோதினி 1863ஆம் ஆண்டு கல்கத்தாவில் பிறந்தார். தந்தையின் நிழல் அறியாத வீடு அது. தாயும் பாட்டியுமே துணை. பாட்டியின் வீட்டில் குடியிருந்தோர் தந்த சொற்ப வாடகையே வருமானம். இருந்த ஒரே தம்பியும் இளமையிலேயே இறந்துபோனான். அக்கால வழக்கப்படி வினோதினிக்கும் சிறு வயதில் ஒரு திருமணம் நடந்தது. மாப்பிள்ளைச் சிறுவனை அவன் உறவினர் அழைத்துக்கொண்டு போய்விட்டனர். அத்தோடு அந்த உறவு முடிந்தது.

அவ்வீட்டில் குடியிருந்த கங்காபாய் என்ற பாடகி சிறுமிக்கு இசை சொல்லிக்கொடுத்தார். வறுமை ஒருபுறம், இசை மறுபுறம். இவ்விரண்டும் சேர்ந்து அவரை நாடக மேடைக்கு இட்டுச் சென்றன.

அன்றைய மேடை

அதுவரை வங்க மேடையில் பெரும்பாலும் ஆண்களே பெண் வேடம் பூண்டனர். 1873இல் கவிஞர் மைக்கேல் மதுசூதன தத்தரின் யோசனையை ஏற்று பெங்கால் தியேட்டர் பெண்களை நடிக்க வைத்தது. குடும்பப் பெண்கள் எவரும் மேடையேற முன்வராத காலம் அது. எனவே கணிகையர் தெருக்களிலிருந்தே நடிகையர் வந்தனர். விதவைகளின் மறுமணத்திற்காக ஊரையே எதிர்த்து நின்ற ஈசுவரசந்திர வித்யாசாகரர்கூட இதை ஏற்காமல் அந்த அரங்கின் ஆலோசனைக் குழுவிலிருந்து விலகினார் என்றால், மற்றவர்களைப் பற்றிச் சொல்லவும் வேண்டுமோ?

மறு ஆண்டு, 1874இல், பதினொரு வயது வினோதினி மாதம் பத்து ரூபாய் சம்பளத்தில் கிரேட் நேஷனல் தியேட்டரில் சேர்ந்தார். முதல் வேடம் திரௌபதியின் தோழி. பேச வேண்டியது ஓரிரு வரிகளே. ஆனால் விரைவிலேயே கதாநாயகி வேடங்கள் அவரைத் தேடி வந்தன.

1875இல் அக்குழு வடநாட்டுப் பயணம் மேற்கொண்டது. லக்னோவில் தீனபந்து மித்திரரின் 'நீல தர்ப்பண்' நாடகம். அவுரித் தோட்ட வெள்ளைத் துரைகள் குடியானவர்களுக்கு இழைத்த கொடுமைகளைச் சொல்வது அது. பெண்ணொருத்தியிடம் முறைகேடாக நடக்க முயன்ற துரையை ஒரு குடியானவன் அடிக்கும் காட்சி வந்தது. பார்த்திருந்த வெள்ளைச் சிப்பாய்கள் வெகுண்டு மேடைமீது பாய்ந்தனர். நாடகம் நின்றது, நடிகர்கள் உயிர் தப்பியதே பெரும்பாடு! மேடை என்பது வெறும் பொழுதுபோக்கு அல்ல என்பதைச் சிறுமி வினோதினி அன்றே கண்டுகொண்டார்.

குருவும் மாணவியும்

பெங்கால் தியேட்டரில் சிறிது காலம் இருந்த பின் வினோதினி கிரீஷ் சந்திர கோஷின் குழுவில் சேர்ந்தார். கிரீஷ் சிறந்த நடிகர், நாடகாசிரியர், நல்லாசிரியர். வேடத்தின் வசனத்தை மட்டுமன்றி அதன் மனத்தையும் கற்பித்தார். ஷேக்ஸ்பியர், மில்டன், பைரன் பற்றியெல்லாம் அவர் நண்பர்களோடு பேசுகையில் வினோதினி அருகிருந்து கேட்பார். இங்கிலாந்தின் பெரும் நடிகையர் எவ்வாறு நடித்தனர் என்று கதை கதையாகச் சொல்லக் கேட்பார். பள்ளிப்படிப்பு சொற்பமே, எனினும் அந்த ஒத்திகைக்கூடமே அவருக்குக் கல்லூரியாயிற்று.

'மேகநாத வதம்' நாடகத்தில் ஏழு வேடங்களை அவர் ஒருவரே ஏற்றார். பங்கிம் சந்திரரின் 'மிருணாளினி' மேடையேறியபோது மனோரமாவாக நடித்தார். தாம் ஏட்டில் படைத்த பெண் உயிரோடு எதிரே நடமாடக் கண்டதாகப் பங்கிமே வியந்தார். நாவலாசிரியர் ஒருவரிடமிருந்து நடிகை பெறக்கூடிய பரிசு இதனினும் பெரிது உண்டோ?

ஒரு பெயரின் விலை

1883இல் கிரீஷும் தோழர்களும் தமக்கென ஓர் அரங்கு வேண்டுமென விரும்பினர். பணம் இல்லை. அப்போது குர்முக் ராய் என்ற இளம் மார்வாரிச் செல்வர் முன்வந்தார். அரங்கு கட்டத் தருவேன். ஆனால் வினோதினி என்னுடையவளாக வேண்டும் என்பது அவர் விதித்த நிபந்தனை. வினோதினியோ அப்போது வேறொரு செல்வரின் ஆதரவில் இருந்தார். அவரை விட்டு வருவது துரோகமாகுமே என்று மனம் தவித்தது. தோழர்கள் கெஞ்சினர், கலையின் பெயரால் வற்புறுத்தினர். முடிவில் இசைந்தார். அரங்கு வேண்டாம், ஐம்பதாயிரம் ரூபாய் ரொக்கமாகத் தருகிறேன் என்று குர்முக் ராய் பின்னர் ஆசை காட்டியபோதும், பணம் வேண்டாம், அரங்குதான் வேண்டும் என்றார். இருபது வயதுப் பெண் எடுத்த முடிவு இது!

பீடன் தெருவில் அரங்கு எழும்பியது. ஒத்திகை முடிந்ததும் வினோதினி அங்கே சென்று கூலியாட்களோடு தாமும் கூடையில் மண் சுமந்தார். வங்காளியர் நாவில் அவர் பெயர் பினோதினி. அப்பெயரின் முதல் எழுத்தைக் கொண்டு 'பி தியேட்டர்' எனப் பெயரிடுவதாக அனைவரும் வாக்களித்திருந்தனர். தாம் இறந்த பின்னும் தம் பெயர் நிற்கும் என்று அவர் மகிழ்ந்திருந்தார்.

பதிவு செய்யச் சென்றவர்கள் திரும்பினர். என்ன பெயர் என்று ஆவலோடு கேட்டார் வினோதினி. ஸ்டார் தியேட்டர் என்று பதில் வந்தது. சிறிது நேரம் அவரால் பேசவே முடியவில்லை. கணிகை ஒருத்தியின் பெயரைத் தாங்கிய அரங்கிற்கு நல்லோர் வரமாட்டார்கள் என்று கருதினார்களாம்! அவள் தந்த விலை வேண்டும். அவள் நடிப்பு வேண்டும். அவள் பெயர் மட்டும் வேண்டாம். 1883 ஜூலை 21ஆம் நாள் 'தட்ச யக்ஞம்' நாடகத்தோடு ஸ்டார் திறக்கப்பட்டது. சதியாக நடித்தவர் வினோதினி! சில மாதங்களில் குர்முக் ராய் குடும்பத்தாரின் நெருக்குதலால் விலகினார். அரங்கில் வினோதினிக்குப் பங்கு தர அவர் விரும்பியும் அது கைகூடவில்லை. பதினோராயிரம் ரூபாய்க்கு அரங்கு தோழர்களின் கைக்கு மாறியது.

பரமஹம்சரின் ஆசி

1884இல் கிரீஷின் 'சைதன்ய லீலா' அரங்கேறியது. சைதன்யராக நடித்தவர் வினோதினி. நாடக நாளன்று கங்கையில் நீராடி, இறைவனை வேண்டிய பின்னரே அரங்கிற்கு வருவார். உணர்ச்சி மிகுந்து மேடையிலேயே மயங்கி விழுந்ததும் உண்டு. செப்டம்பர் 21ஆம் நாள் இராமகிருஷ்ண பரமஹம்சர் இந்நாடகத்தைக் காண வந்தார். கண்டு மெய்ம்மறந்தார். தம்மை வணங்கிய வினோதினியின் தலையில் கைவைத்து ஆசி வழங்கினார். நல்லோர் வரமாட்டார்கள் என்று சொல்லப்பட்ட அரங்கிற்குப் பரமஹம்சரே வந்தார். யாரை முன்னிட்டு வரமாட்டார்கள் என்றனரோ, அவர் தலைமீதே கைவைத்தார்!

மறு ஆண்டு பரமஹம்சர் நோயுற்றிருந்தபோது, சீடர்கள் தம்மை உள்ளே விடமாட்டார்கள் என அஞ்சிய வினோதினி, ஐரோப்பிய ஆடவர் வேடத்தில் சென்று தரிசித்தார். மேடையில் பல வேடம் பூண்டவருக்கு இறுதி விடை பெறவும் ஒரு வேடம் தேவைப்பட்டது.

மேடைக்குப் பின்

1887ஆம் ஆண்டின் தொடக்கத்தில் வினோதினி மேடையை விட்டார். வயது இருபத்து நான்குகூட நிரம்பவில்லை. பன்னிரண்டு ஆண்டுகளில் ஏறத்தாழ எண்பது வேடங்கள். பின்பு ஒரு செல்வரின் ஆதரவில் வாழ்ந்தார். ஒரு மகள் பிறந்தாள். சகுந்தலா என்று பெயரிட்டார். அவளைப் படிக்கவைக்க விரும்பினார். பிறப்பைக் காரணம் காட்டிப் பள்ளிக்கதவு அடைக்கப்பட்டது. அம்மகளும் 1904இல் இளம்பருவத்திலேயே மறைந்தாள்.

துயரை எழுத்தாக்கினார் வினோதினி. 'பாசனா' என்ற கவிதைத் தொகுதி 1896இல் வெளிவந்தது. 1912இல் 'ஆமார் கதா' (என் கதை) என்ற தன்வரலாறு வெளிவந்தது. அதற்குக் கிரீஷ் எழுதிய முன்னுரையில் உண்மைகள் முழுமையாக இல்லை என்று குருவிடமே கூறி, வேறு எழுதித் தரக் கேட்டார். எழுதித் தருமுன் அவ்வாண்டிலேயே கிரீஷ் காலமானார். பணிவு மாறாமல் உண்மையைக் கேட்ட மாணவி அவர்! 1941இல் வினோதினி மறைந்தார்.

முடிவுரை

பீடன் தெருவின் ஸ்டார் கைமாறிப்போக, 1888இல் அதே பெயரில் ஹாத்திபாகானில் புதிய அரங்கு எழுந்தது. 1991இல் அது தீக்கிரையாகிப் பின்னர் புதுப்பிக்கப்பட்டது. 2024ஆம் ஆண்டின் இறுதியில் மேற்கு வங்க அரசு அதற்கு வினோதினியின் பெயரைச் சூட்டியது. கொடுத்த வாக்கு நிறைவேற 141 ஆண்டுகள்! அதுவும் அவர் மண் சுமந்த கட்டடத்திற்கு அல்ல.

நம் கல்லூரி ஆண்டு விழாவில் மாணவியர் மேடையேறி நடிக்கிறார்கள், நாம் கைதட்டுகிறோம். அவர்கள் பெயர் அழைப்பிதழில் அச்சாகிறது. இது இயல்பானதாக நமக்குத் தோன்றலாம். இதற்காக ஒருத்தி என்ன விலை கொடுத்தாள் என்பதை அடுத்த முறை கைதட்டும்போது நினைத்துக்கொள்வோம். உழைப்பைப் பெற்றுக்கொண்டு பெயரை மறைக்கும் வழக்கம் நம்மிடையே எங்கேனும் இருப்பின், அதையும் எண்ணிப் பார்ப்போம்.