சொந்தப் பெயரில் ஒரு தொடர்: அன்னா மே வோங்கின் சின்னத்திரைப் பயணம்

அமெரிக்கத் தொலைக்காட்சியில் ஆசிய வம்சாவளியைச் சேர்ந்த ஒருவர் முதன்முதலாக முதன்மைப் பாத்திரம் ஏற்ற தொடர் 1951ஆம் ஆண்டு ஒளியேறியது. நடித்தவர் அன்னா மே வோங். ஹாலிவுட் படங்கள் வழி அவரை அறிந்தவர்கள் பலர். சின்னத்திரையில் அவர் படைத்த சாதனையை அறிந்தவர்கள் குறைவு.

1905 ஜனவரி 3ஆம் தேதி லாஸ் ஏஞ்சல்ஸில் பிறந்த அவரின் சீனப் பெயர் வோங் லியூ சோங். தந்தை சலவைக் கடை நடத்தியவர். 17 வயதில் 'தி டோல் ஆஃப் தி சீ' (1922) படத்தில் கதாநாயகியானார். 'தி தீஃப் ஆஃப் பாக்தாத்' (1924) அவருக்கு உலகப் புகழைத் தந்தது.

ஆனால், கிடைத்த வேடங்கள் பெரும்பாலும் ஒரே மாதிரியானவை. ஒன்று வஞ்சகி, இல்லையேல் காதலுக்காக உயிர்விடும் அபலை. சீன விவசாயக் குடும்பத்தின் கதையான 'தி குட் எர்த்' (1937) படத்திலாவது நல்ல வேடம் கிடைக்கும் என எதிர்பார்த்தார். கதாநாயகன் வேடம் வெள்ளையரான பால் முனிக்குச் சென்றது. வெவ்வேறு இனத்தவர் ஜோடியாக நடிப்பதை அன்றைய திரைப்படத் தணிக்கை விதிகள் ஏற்கவில்லை. அதனால் சீன மனைவி வேடமும் வெள்ளையரான லூயிஸ் ரெய்னருக்கே போனது. அவர் அதற்கு ஆஸ்கார் விருதும் பெற்றார்.

சினிமா தராத இடத்தைத் தொலைக்காட்சி தந்தது. டுமோண்ட் எனும் சிறிய நிறுவனம் 'தி கேலரி ஆஃப் மேடம் லியூ சோங்' தொடரை 1951 ஆகஸ்டு 27ஆம் தேதி தொடங்கியது. கலைப்பொருள் கூடம் நடத்தியபடியே குற்றங்களைத் துப்பறியும் பெண்ணாக அவர் நடித்தார். பாத்திரத்துக்கு அவரது சீனப் பெயரே சூட்டப்பட்டது. எனினும், நவம்பரிலேயே தொடர் முடிந்துவிட்டது.

1956இல் அவர் நடித்த ஒரு தொலைக்காட்சி நாடகத்துக்கு நம் மண்ணோடு தொடர்புண்டு. மலாயா ரப்பர் தோட்டத் துரையின் மனைவி ஒருவரைச் சுட்டுக்கொல்வதைச் சொல்லும் சாமர்செட் மாம் கதை 'தி லெட்டர்' தான் அது. 1940இல் வில்லியம் வைலர் இதைத் திரைப்படமாக இயக்கியபோது, கதையில் வரும் ஆசியப் பெண்ணாக வெள்ளைக்கார நடிகையே நடித்தார். பதினாறு ஆண்டுகள் கழித்து அதே வைலர் தொலைக்காட்சிக்காக இயக்கியபோது, அந்த வேடம் அன்னா மே வோங்குக்குக் கிடைத்தது.

1961 பிப்ரவரி 3ஆம் தேதி, 56ஆவது வயதில், மாரடைப்பால் அவர் காலமானார்.

டுமோண்ட் நிறுவனம் 1956இலேயே ஒளிபரப்பை நிறுத்திவிட்டது. அதன் நிகழ்ச்சிப் பதிவுகளில் பெரும்பாலானவை அழிந்துபோயின. மேடம் லியூ சோங் தொடரில் ஓர் அத்தியாயம்கூட இன்று பார்க்கக் கிடைப்பதில்லை. ஆனால், அவரது முகம் மறையவில்லை. 2022இல் அமெரிக்க அரசாங்கம் வெளியிட்ட 25 காசு நாணயத்தில் அது பொறிக்கப்பட்டது. அமெரிக்க நாணயத்தில் இடம்பெற்ற முதல் ஆசிய அமெரிக்கரும் அவரே.