ஜனாப் கௌஸ் முகம்மது

போத்தனூர் ஜங்ஷனில் பத்திரிகை வாங்கும் நமது வாலிபர்கள், டென்னிஸைக் கோடிகள் புரளும் தொழிலாகவே அறிவார்கள். அது அவ்வாறு இல்லாத காலத்தில் ஆடிய ஒருவரை அவர்கள் மறத்தலாகாது.

லக்னோவுக்கு அருகே, மாம்பழத்திற்குப் பேர்போன மலிஹாபாத்தில் 1915-ல் பிறந்தவர் ஜனாப் கௌஸ் முகம்மது. 1939-ல், அடிமைத் தேசத்தின் புதல்வராய், ஆள்வோரின் தலைநகரமாகிய லண்டனுக்குச் சென்று, விம்பிள்டன் ஒற்றையர் பந்தயத்தில் கடைசி எண்மருள் ஒருவரானார். அதற்குமுன் எந்த இந்தியரும் அந்நிலையை எட்டியதில்லை. அவரை வென்ற அமெரிக்கர் பாபி ரிக்ஸே அவ்வாண்டுப் பட்டத்தையும் பெற்றார்.

அந்நாளில் விம்பிள்டனில் ஊதியத்திற்கு ஆடுவோருக்கு இடமில்லை. வென்றவருக்குப் பணமும் இல்லை. இரண்டு மாதங்களுக்குள் யுத்தம் மூண்டது. 1940 முதல் 1945 வரை அப்பந்தயமே நடைபெறவில்லை. ரிக்ஸ் 1941-ல் தொழில்முறை ஆட்டக்காரரானார். நம்மவரின் வாலிபத்தையோ யுத்தம் விழுங்கிற்று. 1968-ல் விம்பிள்டன் தொழில்முறையினருக்குக் கதவு திறந்தபோது அவர் ஐம்பது வயதைக் கடந்திருந்தார். 1982-ல் காலமானார்.

அவர் நின்ற படிக்கு மேற்படியை, தமிழ்நாட்டு ஸ்ரீ ராமநாதன் கிருஷ்ணன் 1960-லும் 1961-லும் அரையிறுதி கண்டு எய்தினார். பரிசுத் தொகையால் வீரரை அளப்போரின் கணக்கில் கௌஸ் முகம்மதுவுக்குக் கிட்டுவது பூஜ்யமே. தேசத்தின் கணக்கு அவ்வாறு இருத்தலாகாது.