ஒரு சென்ட் கொடுத்து நடந்த பாலம்

வரலாறு படிக்கும் உனக்குப் பாலத்தில் என்ன வேலை என்று விடுதி நண்பர்கள் கேட்டனர். வேலை இருக்கிறது. எங்கள் ஊர் ஆற்றுப் பாலத்தில் நடைபாதை ஒரு முழ அகலம்தான். தலையில் காய்கறிக் கூடையுடன் அதைக் கடக்கும் என் தாயார், எதிரே லாரி வந்தால் கைப்பிடிச் சுவரோடு ஒட்டி நின்று, அது போன பின்பே அடி எடுத்து வைப்பார். அந்தக் காட்சியைச் சிறு வயது முதல் கண்டவன் நான். ஆதலால், பாலத்தில் நடப்பவனுக்கென்று நடுவிலே, அதுவும் எல்லோருக்கும் மேலே ஒரு பாதை வகுத்த மனிதர் ஒருவர் இருந்தார் என்று கல்லூரி நூலகத்தில் படித்தபோது, அவரை விட மனம் வரவில்லை. அவர்தாம் ஜான் அகஸ்டஸ் ரோப்ளிங்.

1806ஆம் ஆண்டு ஜூன் 12ஆம் நாள், பிரஷ்யாவின் மூல்ஹவுசன் நகரில், புகையிலை வணிகர் ஒருவரின் மகனாகப் பிறந்தார். பெர்லினில் பொறியியல் பயின்று, அரசுப் பணியில் சாலைகள் அமைத்தார். அதிகாரிகளின் தலையசைப்பிற்காகக் காத்திருக்கும் வாழ்வு அவருக்கு ஒத்துவரவில்லை. 1831இல் தமையனோடு கப்பலேறி அமெரிக்கா சென்று, பென்சில்வேனியாவில் நிலம் வாங்கி, சாக்சன்பர்க் என்ற ஊரை உருவாக்கினார். ஏர் பிடித்தார், வேளாண்மை கைகொடுக்கவில்லை. மீண்டும் அளவுக் கோலைக் கையில் எடுத்தார்.

அக்காலத்தில் கால்வாய்ப் படகுகளை மலைச் சரிவில் வண்டியிலேற்றி, பருத்த சணல் வடம் கட்டி இழுத்து அப்பால் கொண்டு செல்வர். வடம் தேயும், அறும்; விலையும் அதிகம். இரும்புக் கம்பிகளை முறுக்கி வடம் செய்தால் என்ன என்று ரோப்ளிங் எண்ணினார். 1841இல் தம் தோட்டத்திலேயே அண்டை அயலாரைக் கூட்டி அதைத் திரித்தும் காட்டினார். பின்னாளில் அவர் எழுப்பிய பாலங்கள் யாவும் அந்தக் கம்பியில்தான் தொங்கின. 1855இல் நயாகரா ஆற்றின்மேல் 821 அடி நீளத் தொங்குபாலத்தில் புகைவண்டியே ஓடியது. தொங்குபாலம் புகைவண்டியைத் தாங்காது என்ற அறிஞர்கள் வாயடைத்தனர். அடுத்துச் சின்சினாட்டியில் ஒகையோ ஆற்றின்மேல் 1,057 அடி.

இனி நியூயார்க்கிற்கு வருவோம். நியூயார்க்கும் புரூக்ளினும் அன்று தனித்தனி நகரங்கள். இடையே ஈஸ்ட் ஆறு. (அது ஆறன்று, கடற்கால் என்று நம் புவியியல் விரிவுரையாளர் திருத்துவார், பெயரில் ஆறாக இருக்கிறது, விட்டுவிடுவோம்.) போக்குவரத்து முழுதும் நீராவிப் படகுகளில். 1866-67 குளிர்காலத்தில் ஆறு உறைந்து படகுகள் முடங்கவே, பாலத்திற்கு அரசின் இசைவு கிடைத்தது. 1867இல் ரோப்ளிங் தலைமைப் பொறியாளரானார்.

அவர் தந்த திட்ட அறிக்கையில் என்னைக் கவர்ந்தது 1,595 அடி நீள நடுப்பகுதி அன்று. வண்டிகளுக்கு இருபுறமும் வழி, இழுவைத் தொடர்வண்டிகளுக்கு வழி என வகுத்துவிட்டு, நடுவில் சுமார் 18 அடி உயரத்தில் மக்கள் உலாவ ஓர் அகன்ற மேடைப்பாதை வேண்டும் என்றார். ஓய்வு நாளில் முதியோரும் நோயாளிகளும் காற்று வாங்கவும், நகரைக் கண்டு களிக்கவும் அது பயன்படும். நெரிசல் மிக்க வணிக நகரில் அதன் மதிப்பைக் காசால் அளக்க முடியாது என்பது அவர் வாதம். கணக்குப் பார்ப்பவர் கண்ணுக்கு அது வீண் செலவு. பாலம் என்பது சரக்குக்கு மட்டுமன்று, மனிதனுக்கும் என்று அவர் நினைத்தார். அவருடைய பெருமையை நான் இங்கேதான் காண்கிறேன்.

அவர் கொடுமையான கண்டிப்புக்காரர் என்பதையும் மறைப்பதற்கில்லை. வீட்டில் பிள்ளைகள் அவரைக் கண்டு நடுங்கினர். அந்தப் பிடிவாதமே அவர் உயிரையும் கொண்டது. 1869 ஜூன் 28 அன்று படகுத்துறை விளிம்பில் நின்று பாலத்திற்கு இடம் அளந்துகொண்டிருந்தபோது, கரைசேர்ந்த படகு மோதி அவருடைய கால் விரல்கள் நசுங்கின. எந்தப் படகுகளுக்கு விடைகொடுக்க வந்தாரோ, அவற்றுள் ஒன்றே அவரைச் சாய்த்தது. விரல்களை வெட்டிய பின் மருத்துவரை விலக்கிவிட்டுத் தண்ணீர் வைத்தியத்தையே நம்பினார். இரணஜன்னி கண்டு ஜூலை 22 அன்று மறைந்தார். வயது 63. பாலத்தின் ஒரு கல்லும் அப்போது எழவில்லை.

மகன் வாஷிங்டன் பணியை ஏற்றார். ஆற்றடியில் அழுத்தக் காற்று நிரப்பிய அறைகளில் இறங்கி வேலை பார்த்ததால் 1872இல் நோயுற்று முடங்கினார். அவர் மனைவி எமிலி கணவருக்கும் வேலைத்தலத்திற்கும் இடையே ஆண்டுக்கணக்கில் நடந்து, தாமே பொறியியல் கற்று, பணியை நடத்திக்கொடுத்தார். அவர் வாழ்வு தனிக் கட்டுரைக்கு உரியது; அடுத்த மலரில் மாணவியர் யாரேனும் எழுதட்டும்.

1883 மே 24 அன்று பாலம் திறக்கப்பட்டது. சுங்கம் உண்டு. நடப்பவருக்கு ஒரு சென்ட். குதிரையும் ஆளும் ஐந்து. குதிரை வண்டிக்குப் பத்து. மாட்டுக்கு ஐந்து, ஆட்டுக்கும் பன்றிக்கும் இரண்டு. பன்றியைவிட மனிதனுக்குக் குறைவு என்பது ஓர் ஆறுதல்! ஆறே நாளில், மே 30 அன்று, அந்த உலாப்பாதையின் குறுகிய படிகளில் ஒரு பெண் விழ, பாலம் இடிகிறது என்ற புரளி பரவி, நெரிசலில் பன்னிருவர் மாண்டனர். ரோப்ளிங் காற்று வாங்க நினைத்த இடம். மறு ஆண்டு பர்னம் என்ற சர்க்கஸ்காரர் 21 யானைகளை நடத்திச் சென்றதும் மக்கள் ஐயம் தணிந்தது.

நடப்போர் சுங்கம் 1891இல் ஒழிந்தது, வண்டிகளுக்கு 1911இல். பின்னர் புகைவண்டி போயிற்று, 1950இல் டிராமும் போயிற்று. கார்கள் வந்தன, லாரிகள் தடுக்கப்பட்டன. மேடைப்பாதை மட்டும் நிலைத்தது. நடப்போரும் மிதிவண்டிக்காரரும் அங்கே நெடுங்காலம் இடித்துக்கொள்ள, 2021இல் கார்களின் ஒரு தடத்தை எடுத்து மிதிவண்டிக்குக் கொடுத்தனர். 2024 சனவரியில் பாதையில் கடை விரிப்பது தடை செய்யப்பட்டது. 2025 சனவரியில் மன்ஹாட்டன் நகர மையத்துள் நுழையும் வண்டிகளுக்குக் கட்டணம் வந்தது, நடப்பவனுக்கு இல்லை.

விடுமுறையில் இக்கதையைத் தாயாருக்குச் சொன்னேன். எல்லாம் கேட்டுவிட்டு, கூடையோடு போனால் அந்த மேல் பாதையில் விடுவார்களா என்று மட்டும் கேட்டார். விற்கத்தான் கூடாது, சுமந்து போகலாம் என்றேன்.